புதுப்பிப்பு: அம்மாவின் காலில் வந்த ஊதாப் புள்ளிகள்

முடக்குவாதம் என்ற மூட்டு அழற்சி நோய்க்கு அடலிமுமாப் ஊசி போடும் அம்மாவுக்குக் காலில் ஊதாப் புள்ளிகள் வந்ததையும், அழுத்தினாலும் அவை மறையாததையும் முன்பு எழுதியிருந்தேன். காரணம் நோயா, மருந்தா என்பதுதான் கேள்வி.

தோல் பயாப்ஸி (சின்னத் துண்டு தோல் எடுத்துப் பார்க்கும் சோதனை) முடிவு வந்துவிட்டது: லியூக்கோசைட்டோகிளாஸ்டிக் வாஸ்குலைட்டிஸ், அதாவது தோலின் சின்ன ரத்தக்குழாய்களில் அழற்சி. சிறுநீர்ப் பரிசோதனையில் ரத்தமோ புரதமோ இல்லை, சிறுநீரகம் தப்பித்தது. எனக்கு அதுதான் பெரிய நிம்மதி.

ஆனால் பயாப்ஸி மட்டும் காரணத்தைச் சொல்லாது. முடக்குவாதமே ரத்தக்குழாய் அழற்சியைக் கொண்டுவரும். மூட்டுகள் அமைதியாக இருக்கும்போது, ஊசி தொடங்கிய பிறகு வந்ததால் டாக்டரின் சந்தேகம் மருந்தின் மேல். ஊசியை நிறுத்தச் சொன்னார், புள்ளிகள் மங்கிவிட்டன.

வேடிக்கை என்னவென்றால், டிஎன்எஃப் என்ற அழற்சிப் புரதத்தைத் தடுக்கும் இதே வகை மருந்துகளைத்தான் பெசெட் நோய், டாகயாசு நோய் போன்ற ரத்தக்குழாய் அழற்சிகளுக்கும் கொடுக்கிறார்கள். அப்படியிருக்க அதே மருந்து அழற்சியைக் கொண்டுவருவது எப்படி என்பதற்கு ஒரு விளக்கம்: உடல் மருந்துக்கு எதிராகவே ஆன்டிபாடி உண்டாக்க, இரண்டும் சேர்ந்த கூட்டு குழாய்ச் சுவரில் படிந்து அழற்சியைக் கிளப்புகிறது. எல்லா ரத்தக்குழாய் அழற்சிக்கும் இந்த வகை மருந்துகள் உதவுவதும் இல்லை. கிரானுலோமாட்டோசிஸ் வித் பாலிஆஞ்சைட்டிஸ் என்ற இன்னொரு ரத்தக்குழாய் அழற்சி நோயில், இதே வகை மருந்தான எட்டனர்செப்ட் பலன் தரவில்லை என்று 2005-இல் வெளியான ஆய்வு காட்டியது.

அப்புறம், நாமாகவே நிறுத்திவிடலாமா என்று கேட்டவர்களுக்கு: வேண்டாம், மூட்டு நோய் திரும்பக் கிளம்பலாம். அம்மாவுக்கு இப்போது மூட்டு நோய்க்கான இன்னொரு மருந்தான மெத்தோட்ரெக்சேட் மட்டும் தொடர்கிறது. வேறு வகை மருந்து தேவையா என்று அடுத்த முறை முடிவு செய்வார்கள்.