ஞாயித்துக்கிழமை வோட்டும் சாபிர் வலீமாவும்: எங்க குடும்பக் குழு

3 டிசம்பர் 2025, புதன்

ஆமினா காலை 8:41
⏩ பலமுறை பகிரப்பட்டது
அவசரம்!! இந்திய பாஸ்போர்ட் உள்ளவங்க 7-ஆம் தேதி ஹாங்காங் எலெக்‌ஷன்ல வோட்டு போட்டா இந்தியக் குடியுரிமை ரத்து. வோட்டு போடாத பெர்மனென்ட் ஐடி காரங்களுக்கு அபராதம். எல்லா குரூப்புக்கும் அனுப்பவும்

ஆமினா 8:41
உண்மையா இது? உம்மா பயந்து போய் உக்காந்திருக்காங்க

சுல்தான் காக்கா 8:44
யாரு அனுப்புனா

ஆமினா 8:45
பொம்பளைங்க குரூப்ல வந்துச்சு

ஜைனப் லாத்தா 8:46
நைட் ட்யூட்டி முடிஞ்சு இப்பத்தான் வந்தேன். மாமாட்ட கேளு

ஹமீது மாமா 8:58
அஸ்ஸலாமு அலைக்கும். ரெண்டுமே பொய். யாருக்கும் அனுப்பாதீங்க.
இங்க சட்டமன்ற வோட்டுக்கு எந்த நாட்டு பாஸ்போர்ட்னு பார்க்கிறதே இல்ல. நிரந்தர ஐடி, 18 வயசு, வழக்கமா ஹாங்காங்லயே குடியிருக்கணும், வாக்காளர் பட்டியல்ல பேரு இருக்கணும். அவ்வளவுதான். 7 வருஷம் இருந்து நிரந்தர ஐடி வாங்குறது குடியுரிமை மாறுறது இல்ல. அதனால இந்தியக் குடியுரிமை போக வழியே இல்ல.
வேட்பாளரா நிக்கிறதுக்குத்தான் வேற சட்டம். தொகுதியில நிக்க சீனக் குடிமகனா இருக்கணும், வெளிநாட்டுல குடியிருக்கும் உரிமை இருக்கக் கூடாது, 21 வயசு ஆகியிருக்கணும்.
வோட்டு போடாட்டி அபராதம்னு சட்டம் இங்க கிடையாது.

ஆமினா 9:00
அல்ஹம்துலில்லாஹ்

மொகுதூம் 9:02
👍

ரஹ்மத் உம்மா 9:06
🎤 0:52

ஆமினா 9:08
உம்மாவுக்கு வோட்டு கார்டு வந்திருக்கு. எந்த இடம்னு கேக்குறாங்க. [படம்]

ஹமீது மாமா 9:15
ரஹ்மத் லாத்தா, கார்டுல சாவடி பேரும் முகவரியும் இருக்கு, கூடவே வரைபடம் இருக்கு. இது சிம் ஷா சுயி சாவடி. கவுலூன் மேற்கு தொகுதி. பழைய வீட்டு முகவரிதான் இன்னும் பதிவுல இருக்கு.

மொகுதூம் 9:17
மாமா, உம்மா இப்ப எங்களோட துங் சுங்லதானே இருக்காங்க. பக்கத்து ஸ்கூல்ல போட முடியாதா

ஹமீது மாமா 9:24
முடியாது. இந்தத் தேர்தலுக்கு முகவரி மாத்த ஜூன் 2 கடைசி நாள். உம்மா உங்க வீட்டுக்கு வந்ததே அதுக்கப்புறம்தான். பட்டியல்ல எந்த முகவரியோ அந்தச் சாவடிதான். அடுத்த பட்டியலுக்கு மறக்காம மாத்துங்க.
மாத்துனா தொகுதியும் மாறும். துங் சுங் லாந்தாவ் தீவுல இருந்தாலும் 2021-ல தீவுகள் மாவட்டத்தை ஹாங்காங் தீவு மேற்கோட சேர்த்துட்டாங்க. சென்ட்ரல், அபர்தீன்காரங்களோட ஒரே தொகுதி நீங்க.

மொகுதூம் 9:25
அப்படியா. தெரியாதே

சுல்தான் காக்கா 9:31
எல்லாரும் கேளுங்க. ஞாயிறுதான் என் மகன் சாபிர் வலீமா, கல்யாண விருந்து. மதியச் சாப்பாடு. தை போ குடியிருப்புத் தீ விபத்துக்கப்புறம் இதை நடத்தலாமா வேணாமான்னே நாங்க ரெண்டு பேரும் யோசிக்கிறோம்

ஜைனப் லாத்தா 9:33
150 பேருக்கு மேல போயிட்டாங்க காக்கா. இன்னும் ஆளைத் தேடிட்டு இருக்காங்க

ஆமினா 9:34
இன்னாலில்லாஹி

மொகுதூம் 9:35
போர்வை சேர்க்கிறதா சொன்னாங்களே. எங்க கொடுக்கணும்

ஜைனப் லாத்தா 9:38
துணியும் போர்வையும் போதும் போதும்னு சொல்லிட்டாங்க. கேக்காம எடுத்துட்டுப் போகாதீங்க. பணமாக் கொடுங்க

ஹமீது மாமா 9:44
அரசு துக்கம் நவம்பர் 29-லேர்ந்து டிசம்பர் 1 வரைக்கும். முடிஞ்சிருச்சு. தீப்பிடிச்ச அன்னைக்கே எல்லாக் கட்சியும் பிரச்சாரத்தை நிறுத்துனாங்க, தேர்தலே தள்ளிப் போகும்னு பேச்சு இருந்துச்சு. நேத்து ஹாங்காங் அரசுத் தலைவரான முதன்மை நிர்வாகி குறிச்ச நாள்லயே நடக்கும்னு சொல்லிட்டாரு. வலீமாவை நடத்துறது உன் இஷ்டம் சுல்தான். நடத்துனா இசை வேணாம், அலங்காரம் வேணாம், ஓதி துஆ கேட்டுட்டு சாப்பாடு போடு.

சுல்தான் காக்கா 9:46
180 பேருக்குச் சொல்லியாச்சு. சேர்ந்து சாப்பிடுற சஹன் தட்டுக்கு மூணு பேர்னா 60 சஹன். களறிச் சாப்பாட்டுக்கு ஆட்டுக்கறி முன்பணம் கட்டியாச்சு

ஆமினா 9:47
நடத்துங்க காக்கா. சிம்பிளா

மொகுதூம் 9:48
போன கல்யாணத்துல எங்க வீட்டாளுங்களுக்கு சஹன் பத்தல மச்சான். இந்த வாட்டி எண்ணி வைங்க

சுல்தான் காக்கா 9:50
8 வருஷம் ஆச்சு மச்சான். இன்னுமா

இர்ஃபான் 9:58
🚫 இந்தச் செய்தி நீக்கப்பட்டது

ஹமீது மாமா 10:01
இர்ஃபான், நீக்குனது நல்லது. இனி அப்படி எழுதாத. கோபத்துல சொல்லல. 2021-ல தேர்தல் சட்டத்துல 27ஏ பிரிவு சேர்த்தாங்க. தேர்தல் காலத்துல பொதுவெளியில, வோட்டு போடாதீங்க, வெத்துச் சீட்டு போடுங்கன்னு அடுத்தவங்களைத் தூண்டுனா குற்றம். 3 வருஷம் வரைக்கும் ஜெயில், 2 லட்சம் டாலர் வரைக்கும் அபராதம். வெளிநாட்டுல இருந்து பதிவு போட்டவங்க மேலயும் வாரண்ட் எடுத்திருக்காங்க. ஒருத்தர் தானா போடாம இருக்கிறது குற்றமில்ல. இந்தக் குரூப்ல 31 பேர் இருக்கோம், யாராவது ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வெளிய போட்டாப் போதும்.

இர்ஃபான் 10:04
சரி மாமா. ஆனா கணக்கு தப்பா? சட்டமன்றத்துல 90 இடத்துல 20 தானே மக்கள் போடுறது

சுல்தான் காக்கா 10:05
மான்செஸ்டர்ல உக்காந்துட்டு எல்லாம் பேசலாம்

இர்ஃபான் 10:05
கணக்கைத்தானே கேட்டேன் காக்கா

ஆமினா 10:06
ஆரம்பிச்சிட்டாங்க

ஹமீது மாமா 10:22
கணக்கு சரிதான். அதை மறைக்க வேண்டியதில்ல, தெரிஞ்சுக்கிட்டே போடணும்.
1991-ல முதல் நேரடித் தேர்தல். 60-ல 18 இடம்தான் மக்களுக்கு. அந்த 18-ல 12-ஐ மார்ட்டின் லீயோட ஐக்கிய ஜனநாயகக் கட்சி பிடிச்சாங்க. 1998-ல 20, 2000-ல 24, 2004-ல 30, 2012-லயும் 2016-லயும் 70-ல 35. அப்படி ஏறிட்டே வந்தது 2021 மாற்றத்துல 90-ல 20 ஆயிருச்சு.
மீதி 70-ல 40 இடம் தேர்தல் குழுவுக்கு. குழுவுல 1500 பேர். ஒவ்வொருத்தரும் சரியா 40 பேருக்குக் குறிக்கணும். 39 போட்டாலும் 41 போட்டாலும் சீட்டு செல்லாது. 30 இடம் தொழில்வாரித் தொகுதி: வக்கீல், கணக்கர், மருத்துவம், கல்வி, இன்சூரன்ஸ், அப்படி 28 தொகுதி. தொழிலாளர் தொகுதிக்கு மட்டும் 3 இடம்.
நம்ம 20 இடம் 10 தொகுதியா இருக்கு, தொகுதிக்கு ரெண்டு. ஆனா ஒருத்தருக்கு ஒரே வோட்டு. முதல் ரெண்டு பேர் ஜெயிப்பாங்க. மூணுல ஒரு பங்குக்கு மேல வாங்குனவர் தோக்கவே முடியாது. அதனால ஒரு கட்சி ரெண்டு ஆளை நிறுத்துனா வோட்டு பிரிஞ்சு ரெண்டுமே போகலாம். 2021-ல பெய்ஜிங் ஆதரவு டி.ஏ.பி. கட்சி 10 தொகுதியிலயும் தொகுதிக்கு ஒருத்தரா நிறுத்தி 10-லயும் ஜெயிச்சது இந்தக் கணக்காலதான்.

மொகுதூம் 10:24
மாமா ஒரே மூச்சுல எழுதிட்டாங்க

ஜைனப் லாத்தா 10:25
எனக்கு ரெண்டு சீட்டு தருவாங்கதானே

ஹமீது மாமா 10:29
ஆமா. நீ பதிவு பெற்ற நர்ஸ், மருத்துவ சுகாதாரத் தொகுதியில பதிஞ்சிருக்க. அதுக்கு ஒண்ணு, வசிக்கிற தொகுதிக்கு ஒண்ணு. எனக்கும் கணக்கர் தொகுதியில ஒண்ணு உண்டு.

ஆமினா 10:30
நாங்க மட்டும் என்ன தப்பு பண்ணோம் 😄

இர்ஃபான் 10:33
போன வாட்டி எத்தனை பேர் போட்டாங்கன்னும் சொல்லுங்க மாமா

ஹமீது மாமா 10:36
2016-ல 58 சதவீதம். 2021-ல 30.2. அதையும் சொல்லிட்டேன்.

சுல்தான் காக்கா 10:37
மாமா இது போதும். இந்தக் குரூப்ல வேணாம்

ஹமீது மாமா 10:48
நடந்ததைச் சொல்றேன், யாரையும் எதுவும் செய்யச் சொல்லல சுல்தான். பிள்ளைங்களுக்குத் தெரியணும். 2020 செப்டம்பர் தேர்தல் கொரோனான்னு ஒரு வருஷத்துக்கு மேல தள்ளிப் போச்சு. அந்த வருஷம் நவம்பர்ல 4 சட்டமன்ற உறுப்பினர்களோட பதவியைப் பறிச்சதும் எதிர்க்கட்சியான ஜனநாயக அணி மொத்தமா ராஜினாமா செஞ்சாங்க. அந்த அணி தங்க வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க முன்னோட்டத் தேர்தல் நடத்துன வழக்குல 45 பேருக்குப் போன வருஷம் தண்டனை வந்துச்சு. அந்த அணியில இருந்த சிவிக் கட்சி 2023-ல கலைஞ்சது. சமூக ஜனநாயக லீக் இந்த ஜூன்ல. ஜனநாயகக் கட்சி 1994-ல ஆரம்பிச்சது, 2021-லயும் யாரையும் நிறுத்தல, இப்பவும் இல்ல. இந்த மாசம் 14-ஆம் தேதி கலைக்கிறதுக்கு வாக்கெடுப்பு.
வேட்பாளர் ஆகுறதும் முன்ன மாதிரி இல்ல. தொகுதி வாக்காளர் 100 பேர் கையெழுத்து போதாது. தேர்தல் குழுவுல 5 பிரிவு இருக்கு, ஒவ்வொண்ணுலயும் குறைஞ்சது 2 பேர் முன்மொழியணும். அப்புறம் தகுதி ஆய்வுக் குழு பார்க்கும். 50,000 டாலர் டெபாசிட். அந்த 5 பிரிவுல ஒண்ணுல ரெண்டு பேர் கிடைக்கலன்னாலே மனு முடிஞ்சது.
எனக்கு இதுல வருத்தம் உண்டு. ஆனாலும் நம்ம பிள்ளைங்களுக்கு ஸ்கூல்ல சீனம் சொல்லித் தர்ற விஷயம், கபுருஸ்தான் இடம், இதையெல்லாம் போய்க் கேக்க இருக்கிறது அந்தத் தொகுதி உறுப்பினர் ரெண்டு பேர்தான். நம்ம தெருவுல எத்தனை பேர் வோட்டு போடுறாங்கன்னு அவங்க கணக்கு வச்சிருப்பாங்க. நான் போடுவேன்.

ரஹ்மத் உம்மா 10:53
🎤 1:10

ஆமினா 10:55
உம்மா நானும் போறேங்கிறாங்க. எழுத்து படிக்க முடியாதே, நீ குத்திக் குடுப்பியான்னு கேக்குறாங்க

ஹமீது மாமா 11:03
நீ குத்தக் கூடாது ஆமினா, சாவடிக்குள்ள திரை மறைவுக்கே போகக் கூடாது. படிக்க முடியாதவங்க, கண் தெரியாதவங்க சாவடித் தலைமை அலுவலர்கிட்ட கேக்கலாம். அவர் இன்னொரு ஊழியரைச் சாட்சியா வச்சுக்கிட்டு ரஹ்மத் லாத்தா சொல்ற வேட்பாளர் எண்ணுக்குக் குத்துவாரு. அதனால எண்ணை மட்டும் வீட்டுலயே மனசுல ஏத்திட்டு வரச் சொல்லு.
தானே குத்துறதுன்னா, பேனா ஆகாது. அங்க தர்ற சரி-குறி முத்திரையால ஒரே ஒரு வட்டத்துல குத்தணும். ரெண்டு வட்டத்துல பட்டா செல்லாது. தப்பாயிட்டா பெட்டில போடாம திருப்பிக் கொடுத்து வேற சீட்டு கேக்கலாம். பெட்டில விழுந்துட்டா அவ்வளவுதான்.
70 வயசுக்கு மேல தனி வரிசை. கார்டு மறந்தாலும் பரவாயில்ல, அசல் ஐடி இல்லன்னா சீட்டு தர மாட்டாங்க. உள்ள போட்டோ எடுக்கவோ போன் பேசவோ கூடாது. காலை 7:30-லேர்ந்து ராத்திரி 11:30 வரைக்கும்.

ஜைனப் லாத்தா 11:05
தமிழ்ல ஏதும் விளக்கம் இருக்கா

ஹமீது மாமா 11:07
சிறுபான்மை இனத்தவருக்கான சியர் மையத்துல இந்தி, உருது, நேபாளி, பஞ்சாபி மாதிரி 8 மொழிக்கு மொழிபெயர்ப்பு உதவி உண்டு. தமிழ் இல்ல. அதுக்குத்தான் நான் எழுதுறேன்.

சுல்தான் காக்கா 11:12
மாமா முக்கியமான விஷயம். ஒரு வேட்பாளரோட ஆள் போன் பண்ணான். வலீமாவுக்கு அவர் வந்து சலாம் சொல்லிட்டு ரெண்டு நிமிஷம் பேசிட்டுப் போறாராம். ஹாலுக்கு பஸ்ஸும் ஏற்பாடு பண்றேங்கிறான்

மொகுதூம் 11:13
பஸ் நல்லதுதானே

ஹமீது மாமா 11:19
வேணாம் சுல்தான். ரெண்டும் வேணாம். இப்பவே போன் பண்ணிச் சொல்லிரு.
சாப்பாடு, குடிக்கக் கொடுக்கிறது, பொழுதுபோக்கு, இதை வச்சு வோட்டைத் திருப்புனா இங்க ஊழல் நடத்தை. 7 வருஷம் வரைக்கும் ஜெயில், 5 லட்சம் டாலர் வரைக்கும் அபராதம். நீ உன் மகனுக்கு வலீமா கொடுக்கிறது உன் காரியம். அந்த சஹனுக்கு முன்னாடி நின்னு அவர் வோட்டு கேட்டார்னா, அது யாரோட விருந்துன்னு ஊழல் தடுப்பு ஆணையம் ஐ.சி.ஏ.சி. கேக்கும். அவர் தரப்புல இது தேர்தல் செலவா எழுதணுமான்னும் வரும். பஸ்ஸும் அப்படித்தான். விருந்தாளியா வர்றதுன்னா 7-ஆம் தேதி கழிச்சு வீட்டுக்கு வரச் சொல்லு.

சுல்தான் காக்கா 11:21
சரி. சொல்லிர்றேன்

ஜைனப் லாத்தா 11:22
நல்லவேளை கேட்டீங்க காக்கா

ஆமினா 11:26
அவரோட போஸ்டரை நேத்து பொம்பளைங்க குரூப்ல ஃபார்வர்ட் பண்ணிட்டேனே

ஹமீது மாமா 11:29
கருத்துக்குப் பகிர்றது பரவாயில்ல. அவருக்கு வோட்டு சேர்க்கப் பகிர்ந்தா தேர்தல் விளம்பரம் ஆயிரலாம். எடுத்துரு.

ஆமினா 11:29
எடுத்துட்டேன்

இர்ஃபான் 11:34
உம்மாவை யார் கூட்டிட்டுப் போறது? முழங்கால் வலியோட துங் சுங்லேர்ந்து சிம் ஷா சுயி

சுல்தான் காக்கா 11:35
இங்க இருந்தா நீயே கூட்டிட்டுப் போகலாம்

ரஹ்மத் உம்மா 11:37
🎤 0:09

ஆமினா 11:38
உம்மா ரெண்டு பேரையும் சும்மா இருக்கச் சொல்றாங்க

மொகுதூம் 11:41
நான் கூட்டிட்டு வர்றேன். துங் சுங் லைன்ல லாய் கிங், அங்க சுன் வான் லைன் மாறி சிம் ஷா சுயி. காலைல 9 மணிக்குக் கிளம்புனா வோட்டு முடிச்சு நேரா ஹால்

ஆமினா 11:42
எங்க வோட்டு துங் சுங்ல. நம்ம ரெண்டு பேரும் எப்ப போடுறது

மொகுதூம் 11:43
7:30-க்கே போட்டுட்டுக் கிளம்பலாம். இல்லாட்டி ராத்திரி வந்து

ஜைனப் லாத்தா 11:45
எனக்கு ஞாயிறு காலை 7-லேர்ந்து ட்யூட்டி போட்டிருக்காங்க. மாத்தக் கேட்டிருக்கேன், பதில் இல்ல. கிடைச்சா உம்மாவை நான் ஸ்டேஷன்ல வாங்கிக்கிறேன்

ஹமீது மாமா 11:47
ஸ்டேஷன்லேர்ந்து சாவடி வரைக்கும் நடை இருக்கு. வாசல்ல படி இருக்கான்னு கார்டுல பாருங்க. படி இருந்தா வேற சாவடி கேக்கலாம், ஆனா தேர்தலுக்கு 5 நாள் முன்னாடியே கேட்டிருக்கணும், நேத்தோட முடிஞ்சது. சக்கர நாற்காலி எடுத்து வாங்க.

ஆமினா 11:48
நாற்காலி சுல்தான் காக்கா வீட்டுலதான் இருக்கு

சுல்தான் காக்கா 11:52
சனிக்கிழமை அனுப்புறேன். சாபிர் கொண்டு வருவான், இல்லன்னா நான். இப்ப எல்லாரும் சொல்லுங்க, சாப்பாடு லுஹர் தொழுதுட்டு 1 மணியா, 1:30-ஆ? சமையல்காரர் இன்னைக்கே கேக்குறாரு

மொகுதூம் 11:53
1:30

ஜைனப் லாத்தா 11:53
1. உம்மாவுக்கு சுகர் இருக்கு

ஹமீது மாமா 11:55
எதுவானாலும் சரி. எனக்கு மாங்காய் கத்தரிக்காய் இருக்கட்டும்

ஆமினா 11:56
போன கல்யாணத்துல மாமா 3 மணிக்கு வந்தாங்க 😄

சுல்தான் காக்கா 11:58
மொகுதூம் மச்சான், உங்க வீட்டாளு மொத்தம் எத்தனை பேர்? இப்பவே எழுதுங்க

மொகுதூம் 12:03
14. இல்ல, 17-ஆ வைங்க மச்சான். ராத்திரி உறுதியாச் சொல்றேன்