சுண்ணாம்பு மண்ணில் பாக்ஸ் வேலிக்கு மாற்று: உதவி தேவை

இங்கிலாந்தின் கிளஸ்டர்ஷயரில் வசிக்கிறேன். எங்கள் தோட்டத்தில் பாக்ஸ் என்னும் சிற்றிலைப் பசுமைமாறாச் செடியால் ஆன வேலி பட்டுப்போகிறது. நிறுத்த வழி தெரியவில்லை.

இதே மாவட்டத்திலுள்ள ஹிட்கோட் மாளிகைத் தோட்டத்தைப் பார்த்துத்தான் அதை வளர்த்தேன். 1907இல் தன் தாயார் வாங்கிய அந்த இடத்தில், உயர்ந்த வேலிகளையே சுவர்களாக்கித் திறந்தவெளி அறைகளை அமைத்தார் லாரன்ஸ் ஜான்ஸ்டன். 1948இல் அது, பழைய மாளிகைகளையும் தோட்டங்களையும் காக்கும் நேஷனல் டிரஸ்ட் அமைப்பின் பொறுப்புக்கு வந்தது. ஒரு வேலியைத் தாண்டினால் வேறொரு தோட்டம். அந்த வியப்பு எனக்கு இன்னும் தீரவில்லை.

எங்கள் வேலி முழங்கால் உயரம்தான். சென்ற இலையுதிர்காலத்தில் மழை விடாமல் பெய்தபோது தொடங்கியது. இலைகளில் பழுப்புப் புள்ளிகள், இளந்தண்டுகளில் கறுப்புக் கோடுகள், பிறகு கொத்துக்கொத்தாக இலை உதிர்வு. பாக்ஸ் இலைகளைத் தின்னும் புழுக்கள் பின்னும் வலை எங்கும் இல்லை. ஆகவே பாக்ஸ் பிளைட் என்னும் பூஞ்சை நோய் என்றே நினைக்கிறேன்.

நோயுற்ற கிளைகளை வெட்டி எரித்தேன். உதிர்ந்த இலைகளை வாரினேன், கத்தரியைக் கிருமிநாசினியில் கழுவினேன், வேரில் மட்டும் நீர் விட்டேன். பூஞ்சைக்கொல்லியும் தெளித்தாயிற்று. கோடையில் துளிர்த்தது, அடுத்த மழையில் மறுபடி கருகியது.

பிடுங்கிவிட முடிவு செய்துவிட்டேன். நாற்றுப் பண்ணையில், பார்க்க பாக்ஸ் போலவே இருக்கும் ஜப்பானிய ஹோலி என்னும் புதரைச் சொல்கிறார்கள். எங்களுடையது சுண்ணாம்பு மண்; அதில் அதன் இலைகள் மஞ்சளாகிவிடும். யூ என்னும் பசுமைமாறா ஊசியிலை மரமோ சுண்ணாம்பைத் தாங்கும்.

யூ மரத்தை முழங்கால் உயரத்திலேயே அடர்ந்த வேலியாக வைத்திருக்க, கன்றுகளை எவ்வளவு இடைவெளியில் நட வேண்டும்?