டி. ஆர். மகாலிங்கம் ஐம்பதுகளில் ஏன் பின்தங்கிப் போனார்?

இசைப்பிரியன்:
‘ஸ்ரீவள்ளி’ (1945), ‘நாம் இருவர்’ (1947), ‘ஞானசௌந்தரி’ (1948) என்று அடுத்தடுத்து வெற்றி கண்டவர் டி. ஆர். மகாலிங்கம். ஆனால் இன்று பெரும்பாலோர் அவரை ‘திருவிளையாடல்’ படத்துப் பாணபத்திரராக மட்டுமே அறிந்திருக்கிறார்கள். சொந்தப் படம் எடுத்து நொடித்துப்போனார் என்ற ஒரு வரியோடு அவர் கதையை முடித்துவிடுவதும் வழக்கமாகிவிட்டது. அது ஒன்றுதான் காரணமா? அக்காலப் படங்களை ஊன்றிப் பார்த்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாவேன்.

வைகைக்கரையான்:
சொந்தப் படங்களால் அவருக்குக் கடன் ஏறியது உண்மைதான். மகன் பெயரில் சுகுமார் புரொடக்‌ஷன்ஸ் தொடங்கி, ‘மச்சரேகை’, ‘மோகனசுந்தரம்’, ‘சின்னதுரை’, ‘விளையாட்டுப் பொம்மை’ ஆகியவற்றை 1950க்கும் 1954க்கும் இடையில் எடுத்தார். ‘மோகனசுந்தரம்’ படத்தின் ‘ஓ ஜெகமத இன்பம்’ பாடலை இன்றும் விரும்பிக் கேட்கிறார்கள். இருந்தும் போட்ட முதல் திரும்பவில்லை.

நாடகமேடை:
கடன் ஒரு பகுதிதான். அவர் குரல் எங்கிருந்து வந்தது என்பதைப் பார்த்தால் மற்றொரு பகுதி விளங்கும்.

சோழவந்தானை அடுத்த தென்கரையில் பிறந்த மகாலிங்கம், சிறுவயதிலேயே நாடக மேடை ஏறியவர். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி உச்ச ஸ்தாயியில் பாடிய எஸ். ஜி. கிட்டப்பாவின் வழியைத் தம் வழியாக்கிக்கொண்டார். ஏவி. மெய்யப்பன் அவரை 1938இல் ‘நந்தகுமார்’ படத்தில் பாலகிருஷ்ணனாக்கியதும், பின்னர் ‘ஸ்ரீவள்ளி’யில் முருகனாக்கியதும் அந்தச் சாரீரத்துக்காகத்தான். கிட்டப்பா மேடையில் புகழ்பெறச் செய்த ‘காயாத கானகத்தே’ பாடலை மகாலிங்கம் அப்படத்தில் பாடுவதைக் கேளுங்கள். மூச்சு வாங்கும் ஓசைகூடக் கேட்காமல் மேல் ஸ்தாயியில் நின்று, அங்கிருந்து பிருகாக்களாக, அதாவது வேகமான சுர உருட்டல்களாக, உதிர்ந்து இறங்கும்.

அதே படத்தில் வள்ளியாக நடித்த குமாரி ருக்மணியின் பாட்டு எடுபடாததால், படம் வெளிவந்த பிறகு பி. ஏ. பெரியநாயகியின் குரலைச் சேர்த்தார்கள். நடிப்பவர் ஒருவர், பாடுபவர் வேறொருவர் என்ற முறை மகாலிங்கத்துக்குப் பெரும்புகழ் தந்த படத்திலேயே இடம்பெற்றுவிட்டது என்பதுதான் இதில் என் மனத்தை மிகவும் உறுத்துவது. அவரைப் போலவே பாடி நடித்தவர்களில், 1951இல் பி. யு. சின்னப்பா மறைந்தார், சிறையிலிருந்து மீண்ட எம். கே. தியாகராஜ பாகவதருக்குப் பழைய செல்வாக்கு திரும்பவில்லை, 1952இல் ‘பராசக்தி’ வந்தபோது மக்கள் வசனத்துக்காகக் கொட்டகைக்கு வரத் தொடங்கியிருந்தார்கள். பாடத் தெரியாத கதாநாயகனுக்கு டி. எம். சௌந்தரராஜன் போன்ற பின்னணிப் பாடகர்கள் கிடைத்துவிட்ட பிறகு, பாடத் தெரிந்த நடிகரைத் தேடிப்போகத் தயாரிப்பாளர்களுக்குத் தேவை இருக்கவில்லை. மகாலிங்கம் தம் பணத்தைப் போட்டது சரியாக அந்த ஆண்டுகளில்தான்.

இசைப்பிரியன்:
இந்தக் கோணத்தில் நான் எண்ணிப் பார்த்ததில்லை, ஐயா. அப்படியானால் 1958இல் ‘மாலையிட்ட மங்கை’ எப்படி வென்றது?

நாடகமேடை:
அப்படத்தை எடுத்த கவிஞர் கண்ணதாசன், சந்தை கைவிட்ட ஒரு பாடகரைக் கதாநாயகனாக்கி, அவருடைய சாரீரத்துக்கு ஏற்றபடி பாட்டு எழுதினார். விசுவநாதன்–ராமமூர்த்தியின் இசையில் ‘செந்தமிழ்த் தேன்மொழியாள்’ பாடலின் தொடக்க விருத்தமே அதற்குச் சான்று. தாளத்துக்குள் அடைபடாமல், மேடையில் பாடுவதுபோல் அவர் விருப்பத்துக்கு நீட்டிப் பாட இடம் விட்டிருக்கிறார்கள். அதன்பின் ‘ஆடவந்த தெய்வம்’ போன்ற படங்களில் அவர் கதாநாயகனாக நடித்தார் என்றாலும், பழைய இடம் முழுமையாகத் திரும்பவில்லை என்பதே என் கருத்து.

வைகைக்கரையான்:
‘திருவிளையாடல்’ (1965) பற்றி ஒன்றைச் சேர்க்க வேண்டும். ஹேமநாத பாகவதராக வரும் டி. எஸ். பாலையாவுக்குப் பாடியவர் பாலமுரளிகிருஷ்ணா; விறகுவெட்டியாக வரும் சிவாஜிக்குப் பாடியவர் டி. எம். எஸ். அந்தப் பாட்டுப்போட்டிக் கதையின் மூன்று பாடகர்களில் சொந்தக் குரலில் பாடியவர் மகாலிங்கம் ஒருவரே. கதைப்படி அவர்தான் போட்டிக்கு அஞ்சிச் சொக்கநாதரிடம் முறையிடுபவர். ‘இசைத்தமிழ் நீ செய்த அருஞ்சாதனை’ என்று அவர் முறையிடும்போது வாயசைவும் மூச்சும் கழுத்து நரம்பும் ஒன்றாக இயங்குவதைப் பாருங்கள். மற்ற இருவரும் எவ்வளவு பெரிய நடிகர்களாக இருந்தாலும், அந்த ஒருமை அவர்களுக்கு வாய்க்கவில்லை. படத்தின் இயக்குநர் ஏ. பி. நாகராஜன் இதை அறிந்தே அவரை அழைத்திருப்பார் என்று நம்புகிறேன். ‘அகத்தியர்’ (1972), ‘ராஜராஜ சோழன்’ (1973) என்று புராண, சரித்திரப் படங்களிலேயே அவருக்குத் தொடர்ந்து இடம் கிடைத்தது. அவ்வகைப் படங்களில்தான் பாத்திரம் பாடுவதற்குக் காரணம் சொல்ல வேண்டியிருக்கவில்லை. 1978 ஏப்ரலில் அவர் காலமானார்.