டொலேடோ ஒருநாள் சுற்றுலா: வழிகாட்டியோடா, தனியாகவா?

கேள்வி: ஸ்பெயினில் மாட்ரிட்டிலிருந்து டொலேடோ நகருக்கு வழிகாட்டியோடு பஸ்ஸில் போகும் அரைநாள் பயணம் போதுமா? முழு நாள் எடுக்கணுமா? அம்மாவுக்கு முழங்கால் வலி.

பதில் 1: முழு நாள்தான். அரைநாளில் நடந்து சுற்றிக் காட்டுவதோடு சரி, கதீட்ரலைப் பெரும்பாலும் வெளியே நின்றே காட்டுவார்கள். பதிவு செய்யும் முன் 'உள்நுழைவுக் கட்டணம் சேர்த்தியா' என்று கேளுங்கள். கதீட்ரல் 1226-இல் தொடங்கி 1493-இல் முடித்த கட்டடம், உள்ளே மட்டும் ஒன்றரை மணி நேரம் போகும். சாந்தோ தோமே ஆலயத்தில் எல் கிரேக்கோவின் 'ஓர்காஸ் பிரபுவின் அடக்கம்' ஓவியத்துக்குத் தனி டிக்கெட்.

பதில் 2: திங்கட்கிழமை வேண்டாம், எல் கிரேக்கோ அருங்காட்சியகமும் செபார்டி (ஸ்பெயின் யூதர்கள்) அருங்காட்சியகமும் மூடியிருக்கும். ஞாயிறு காலை கதீட்ரலில் பூசை. சுற்றுலாப் பயணிகளை மதியத்துக்கு மேல்தான் விடுவார்கள்.

பதில் 3: முழங்காலுக்கு: ஊர் குன்றின் மேல், தெருவெல்லாம் கூழாங்கல், ஏறுவதைவிட இறங்குவதுதான் வலிக்கும். ரெகாரெடோ என்ற சாலைப் பக்கம் நகரும் படிக்கட்டு இருக்கிறது, மேலே அதில் போங்கள். ரப்பர் அடி ஷூ கட்டாயம். தாஹோ ஆற்றுக்கு அக்கரையில் வாயே காட்சிமுனைக்குப் பஸ் போகுமா என்றும் கேளுங்கள். ஊர் முழுதும் தெரியும் இடம் அதுதான்.

பதில் 1 (மீண்டும்): தனியாகப் போவதென்றால் மாட்ரிட்டின் அடோச்சா ரயில் நிலையத்திலிருந்து ரயிலில் சுமார் அரை மணி நேரம். வார இறுதியில் திரும்பும் டிக்கெட் சீக்கிரம் தீரும், போக, வர இரண்டையும் சேர்த்தே எடுங்கள். நிலையத்தில் பையை ஸ்கேன் செய்வார்கள், முன்கூட்டியே போய்விடுங்கள்.