மஞ்சள் கிழங்குச் சாற்றில் புரதம்: லௌரி முறையில் அளவு ஏறி வருகிறது

கேள்வி (ஈரோடு):
பச்சை மஞ்சள் கிழங்கை பாஸ்பேட் பஃபரில் அரைச்சு, லௌரி முறையில் (புரதத்தை நீல நிறமாக்கி அளக்கற முறை) 660 நேனோமீட்டரில் புரதம் அளக்கறோமுங்க. புரதங்களைப் பிரிச்சுக் காட்டற ஜெல்லில் பட்டைகள் மங்கலாத்தான் வருது, அளவு மட்டும் ரொம்ப அதிகம். சாயம் சேர்த்து அளக்கற பிராட்ஃபோர்டு முறைக்கு மாறினா சரியாகுங்களா?

பதில் (கோவை):
பாதிதான் தீருமுங்க. லௌரியில் ஃபோலின் கரைசல் புரதத்தில் இருக்கற டைரோசினோட மட்டும் நிக்காது, கிழங்கில் இருக்கற பீனால்களோடயும் வினைபுரிஞ்சு நீலமாகும். மஞ்சளோட நிறமியான குர்குமினும் பீனால்தான். முதல்ல புரதத்தைப் படிய வைங்க. திரவ நைட்ரஜனில் பொடிச்ச கிழங்குல, 10% டிரைகுளோரோ அசிட்டிக் அமிலமும் 0.07% மெர்காப்டோஎத்தனாலும் கலந்த அசிட்டோனை ஊத்தி, மைனஸ் 20 டிகிரியில் ஒரு மணி நேரமாவது வைங்க. அப்புறம் குளிர்ந்த அசிட்டோனில் மஞ்சள் நிறம் போற வரை கழுவணும். இங்க அவசரப்பட்டா எல்லாம் வீண்: அமிலம் மிச்சமிருந்தா வண்டல் கரையவே கரையாது.

பதில் (திருப்பூர்):
வண்டலை ரொம்பக் காய விட்டாலும் கரையாதுங்க. 0.1 மோலார் சோடியம் ஹைட்ராக்சைடில் கரைச்சு, பிராட்ஃபோர்டில் 595 நேனோமீட்டரில் பாருங்க. பிஎஸ்ஏ (மாட்டு ரத்தப் புரதம்) ஸ்டாண்டர்டும், புரதம் சேர்க்காத பிளாங்க்கும் அதே கரைசலில்தான் இருக்கணும். எஸ்டிஎஸ் (சோப்பு மாதிரிப் பொருள்) துளி கலந்தாலும் அளவு கெட்டுரும். 5 நிமிடம் விட்டு, ஒரு மணி நேரத்துக்குள்ள படிங்க. சாயம் குவார்ட்ஸ் குவெட்டில் (கரைசலை ஊத்தி அளக்கற சின்னக் குப்பி) ஒட்டிக்கும், பிளாஸ்டிக்கே போதும்.

பதில் (நாமக்கல்):
ஒரு மாதிரியில் 10 மைக்ரோகிராம் பிஎஸ்ஏ சேர்த்து அளந்து பாருங்க. கூடுதல் 10-க்குப் பக்கத்துல வரலைன்னா குறுக்கீடு இன்னும் இருக்குதுங்க.