அப்பா செய்த குத்தகை நிலம்: எழுத்து இல்லாமல் எப்படி நிரூபிப்பது?

அரசலாற்றுக்காரி:
வணக்கம். எங்களுக்குப் பாபநாசம் பக்கம் கிராமம். ஆறு மா (சுமார் இரண்டு ஏக்கர்) நஞ்சையை அப்பா குத்தகைக்குச் செய்துவந்தார். நிலக்காரப் பெரியவர் வாய்ச்சொல்லாகவே விட்டது, எழுத்து கிடையாது. அப்பா தவறியபின் நானும் வீட்டுக்காரரும்தான் இறங்கி வேலை செய்கிறோம். இப்போது பெரியவரும் காலமாகி, சென்னையில் இருக்கும் பிள்ளைகள் பாகம் பிரிக்கிறார்கள். மூத்தவர், "உங்கள் தகப்பனார் எங்களிடம் கூலிக்கு இருந்தவர், நிலத்தைக் காலி செய்யவும்" என்று வக்கீல் நோட்டீஸ் விட்டிருக்கிறார். இளையவரோ போன் போட்டு, "சம்பா அறுத்ததும் குத்தகையை என்னிடம் கொடுத்துவிடுங்கள்" என்கிறார்.

கையில் இருப்பது அப்பாவின் நீளக் கணக்கு நோட்டு ஒன்றுதான். எந்தச் சம்பாவுக்கு எத்தனை கலம் நெல் குத்தகையாக அளந்தோம் என்று அப்பா எழுதியிருப்பார். அதன் கீழே பெரியவரின் நிலபுலக் கணக்கைப் பார்த்த காரியஸ்தர் பச்சை மையில் "வரவு" என்று போட்டுக் கையெழுத்து வைத்திருப்பார். ஒரு பக்கத்தில் "வெள்ளம், பாதி தள்ளுபடி" என்று இருக்கிறது. இத்தனை காலம் உழுத நிலம், நமக்கே சொந்தம் என்று கேஸ் போடச் சொல்கிறார்கள் உறவுக்காரர்கள். போடலாமா?

ஓய்வுபெற்ற வி.ஏ.ஓ.:
அம்மா, வேண்டவே வேண்டாம். 1955ஆம் வருஷத்துச் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தில், நிலக்காரரின் உரிமையை வேண்டுமென்றே மறுத்தால் அதுவே வெளியேற்றக் காரணம். சொந்தம் கொண்டாடினால் இருக்கிற உரிமையும் போய்விடும். பட்டா அவர் பெயரில் இருந்துவிட்டுப் போகட்டும், குத்தகை என்றாலே நிலம் அடுத்தவருடையதுதானே.

எழுத்து இல்லை என்று பயப்படாதீர்கள். வாய்மொழிக் குத்தகையும் சட்டப்படி செல்லும். குடும்பமே உடலுழைப்புப் போட்டுச் செய்தது, அதற்குக் குத்தகை அளந்தது, இந்த இரண்டையும் காட்ட வேண்டும்.

முதலாவதற்கு அடங்கல், அதாவது எந்த நிலத்தில் யார் என்ன பயிர் செய்கிறார் என்று கிராமத்தில் எழுதும் கணக்கு. நிலக்காரருக்குப் பயந்து சாகுபடியாளர் பெயரை எழுதாமல் விட்ட கணக்குகளை நானே பார்த்திருக்கிறேன், மனசு கொதிக்கும். அதனால் ஒரு வருஷத்தில் பெயர் இல்லை என்று சோர்ந்துவிடாமல், பசலி (வருவாய்க் கணக்கு ஆண்டு) வாரியாகப் பழைய நகல்களைக் கேளுங்கள். இழுத்தடித்தால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி மனுப் போடுங்கள். கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட ரசீது, சொசைட்டியில் வாங்கிய பயிர்க்கடன், பயிர்க் காப்பீடு எது அப்பா பெயரில் இருந்தாலும் எடுத்து வையுங்கள்.

இரண்டாவதற்கு அந்த நோட்டு. கூலியாள் நெல் வாங்குவானே தவிர அளக்க மாட்டான். அதிலும் அந்தத் தள்ளுபடிப் பக்கம் பெரிய சாட்சி. குத்தகை பாக்கி உள்ளவருக்குத்தானே தள்ளுபடி? காரியஸ்தர் இருந்தால் உடனே போய்ப் பாருங்கள்.

அப்புறம், 1969ஆம் வருஷத்துக் குத்தகை உரிமைப் பதிவுச் சட்டப்படி தாசில்தாரிடம் மனுக் கொடுங்கள். உத்தரவு பாதகமாக வந்தால் ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) அப்பீல் உண்டு.

கும்பகோணம் வக்கீல்:
அண்ணன் சொன்னது சரி. குத்தகையை இளையவர் கையில் கொடுத்தால் நாளைக்கு மூத்தவர் பாக்கி என்பார், பாக்கியைக் காட்டியே வெளியேற்றவும் மனுப் போடுவார். வாரிசுகள் எல்லோரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து வருவாய் நீதிமன்றத்தில் குத்தகையைக் கட்டிவிடுங்கள். நெல் குத்தகை என்றால் அன்றைய சந்தை விலைக்குப் பணமாகக் கட்டலாம். மகள் என்பதற்காக மட்டும் உரிமை வராது, நீங்களும் வயலில் உழைக்கிறீர்கள் என்று காட்ட வேண்டும். விதை, உரம் வாங்கிய பில்லைத் தூக்கிப் போடாதீர்கள். நோட்டீஸுக்குக் கட்டாயம் பதில் அனுப்புங்கள். நிலத்தை விற்றுவிட்டாலும் வாங்கியவருக்கு எதிராகவும் உங்கள் குத்தகை நிற்கும்.

திருவாரூர் தம்பி:
அக்கா, இளையவர் போனில் கேட்டதை அப்படியே விடாதீங்க. "குத்தகை யாரிடம் கொடுப்பது என்று சொல்லுங்கள்" என்று வாட்ஸ்அப்பில் கேளுங்க. பதில் போட்டாரென்றால், கூலி என்ற அவர் அண்ணனின் பேச்சுக்கு அதுவே மறுப்பு.

அரசலாற்றுக்காரி:
எல்லோருக்கும் நன்றி. காரியஸ்தர் மயிலாடுதுறையில் மகள் வீட்டில் இருக்கிறாராம், ஞாயிற்றுக்கிழமை போகிறோம். நோட்டைத் தாசில்தாரிடமே கொடுத்துவிட வேண்டுமா?

ஓய்வுபெற்ற வி.ஏ.ஓ.:
கூடாதம்மா. மனுவோடு நகல் மட்டும். அசலை விசாரணையன்று கொண்டுபோய்க் காட்டிவிட்டுத் திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள். மயிலாடுதுறைக்கும் அசலையே எடுத்துப் போங்கள், பச்சை மையைப் பார்த்தால்தான் அவருக்குத் தன் கையெழுத்து என்று உறுதியாகத் தெரியும்.