ஆம்புலன்ஸ்ல இருந்தவருக்கு அடி: வி53-ஆ, வி86-ஆ?

பாளை கோடர்:
அமெரிக்க இ.டி. (அவசர சிகிச்சைப் பிரிவு) சார்ட். ஐசிடி-10-சிஎம்-ல, அதாவது நோய், காயம், அதோட காரணத்துக்கான கோடு பட்டியல்ல, கோடு போடணும். பாராமெடிக் ஆம்புலன்ஸ் பின்னாடி நோயாளி பக்கத்துல உட்கார்ந்திருக்கார், சிக்னல்ல பிக்கப் ஒண்ணு பக்கவாட்டுல இடிச்சிருக்கு. வலது விலா எலும்பு ஒண்ணு முறிவு, வெளிக்காயம் இல்ல. காயத்துக்கு எஸ்22.31எக்ஸ்ஏ, அதுல பிரச்சினை இல்ல. அடிபட்ட காரணத்துக்கு, ஆம்புலன்ஸும் வேன்தானேன்னு வி53.6எக்ஸ்எக்ஸ்ஏ (பிக்கப் அல்லது வேன் பயணி) போட்டா ஆடிட்ல தப்புன்னு திருப்புதாங்க, வி86-க்குப் போகச் சொல்லுதாங்க. அங்க தலைப்பே ‘ஆல்-டெரெய்ன், ஆஃப்-ரோடு வண்டி’ன்னு இருக்கு. காட்டுல ஓடுத வண்டிக்கும் ஆம்புலன்ஸுக்கும் என்ன சம்பந்தம்?

வண்ணாரப்பேட்டை அண்ணாச்சி:
ஆடிட்டர் சொல்லுததுதான் சரி. அந்தத் தலைப்பை மட்டும் வாசிச்சா யாரும் ஏமாந்துருவாங்க. உள்ள இறங்கிப் பாருங்க: அஞ்சாவது எழுத்து 1-னா ‘ஆம்புலன்ஸ் அல்லது ஃபயர் எஞ்சின்’. நாலாவது எழுத்து ஆள் எங்க இருந்தார்னு சொல்லும். 0 டிரைவர், 1 பயணி, 2 வண்டியோட வெளிப்பக்கம் தொத்திட்டு வந்தவர், 3 விவரம் இல்லாதவர். இந்த நாலும் ரோட்டு விபத்து. ஏறும்போதோ இறங்கும்போதோ அடின்னா 4. ரோடு அல்லாத இடம்னா 5, 6, 7, 9.

ஸ்டியரிங் பிடிக்காம உள்ள இருக்கிற எல்லாரும் பயணிதான். பாராமெடிக்கும் சரி, ஸ்ட்ரெச்சர்ல படுத்திருக்கவரும் சரி. ஃபயர் எஞ்சின் பின்படியில நின்னவருக்குத்தான் 2. அப்போ உங்க சார்ட்டுக்கு வி86.11எக்ஸ்ஏ.

காலி இடத்தை நிரப்புத எக்ஸ் ஒண்ணே ஒண்ணு! வி53.6-க்கு ரெண்டு எக்ஸ் தட்டின கை, இங்கேயும் ரெண்டு தட்டிரும். ஏழைத் தாண்டி எட்டு எழுத்தாகி கிளெய்ம் (இன்சூரன்ஸுக்கு அனுப்புத பில்) திரும்பி வந்துரும்.

வி86-ல இன்னொரு கண்ணி இருக்கு. பொதுவா வண்டி விபத்துன்னா ரோட்டுலதான் நடந்ததுன்னு எடுத்துக்குவோம். ஆஃப்-ரோடு வண்டி மட்டும் சம்பந்தப்பட்டதுன்னா விதி தலைகீழ்: ரோடுன்னு எழுதலைன்னா ரோடு இல்ல. அதனால ஊகத்துல விடாம ஆம்புலன்ஸ் ரன் ஷீட்ல (பயண விவரக் குறிப்பு) இடத்தைத் தேடிப் பிடிங்க. உங்க சார்ட்ல சிக்னல்னே இருக்கு, பயமில்ல.

தாமிரபரணிக்காரி:
அண்ணாச்சி சொன்னதோட வரிசையையும் கவனிங்க. எஸ் கோடு முதல்ல, வி கோடு அதுக்குப் பின்னாடி. காரணக் கோடு எந்தக் காலத்துலயும் முதல் கோடா நிக்காது. இவர் சம்பளத்துக்கு வேலை பார்த்துட்டு இருந்தவர், அதனால ஒய்99.0. அமெரிக்காவுல சின்ன ஊர்கள்ல தன்னார்வத் தீயணைப்பு வீரர்கள் நிறைய, அவங்களுக்கு ஒய்99.2. இடத்துக்கு ஒய்92.41 வரிசை. ஒய்92-உம் ஒய்99-உம் முதல் தடவை மட்டும்தான். பிறகு எலும்பு கூடுதான்னு பார்க்க வரும்போது எஸ்-லயும் வி-லயும் கடைசி எழுத்து ஏ போய் டி ஆகும், ஒய் ரெண்டையும் விட்டுரணும்.

புதுசா வாரவங்க அதிகமா விழுத குழி வேற ஒண்ணு. ‘இ.எம்.எஸ்.ல (ஆம்புலன்ஸ் சேவை) கொண்டு வந்தாங்க’ன்னு கண்டதும் வி86 போட்டுருதாங்க. ஐகிரவுண்டு ஆஸ்பத்திரி வாசல்ல 108 வந்து நின்னா, உள்ள இருக்கவருக்கு 108-ஆலயா அடிபட்டுச்சு? அது கூட்டிட்டு வந்த வண்டி, அவ்வளவுதான். சைரன் கேட்டு ஒதுங்கின பைக்கை ஒரு கார் தட்டிருச்சுன்னாலும் ஆம்புலன்ஸ் கணக்குல வராது. பைக் ஓட்டினவருக்கு வி23.49எக்ஸ்ஏ. பழைய சீட்ல இருக்க வி23.4எக்ஸ்எக்ஸ்ஏ 2022 அக்டோபர்லயே போச்சு. எலக்ட்ரிக் சைக்கிளைத் தனியாப் பிரிச்சு 41, மத்த பைக் 49-ன்னு ஆக்கிட்டாங்க.

பாளை கோடர்:
ரொம்ப நன்றி அண்ணாச்சி, அக்கா. நின்னுட்டு இருக்க ஆம்புலன்ஸ்ல ஸ்ட்ரெச்சரைத் தூக்கும்போது இடுப்பு பிடிச்சுக்கிட்டா? போலீஸ் கார்னா?

வண்ணாரப்பேட்டை அண்ணாச்சி:
ஸ்ட்ரெச்சர் தூக்கினது வண்டி விபத்தே இல்ல. தசைப்பிடிப்புன்னு டாக்டர் எழுதியிருந்தா எஸ்39.012ஏ, பளு தூக்கினதுக்கு எக்ஸ்50.0எக்ஸ்எக்ஸ்ஏ, கூட ஒய்99.0. போலீஸ் கார் எவ்வளவு சைரன் அடிச்சாலும் நமக்குக் கார்தான், வி40-லேர்ந்து வி49-க்குள்ள தேடுங்க.